சாலை போட்ட ராணி

திருநெல்வேலிச் சீமையில் பழைய பாதை ஒன்றைக் காட்டி, அதை யார் போட்டார்கள் என்று கிராமத்துப் பெரியவர்களைக் கேட்டால், "மங்கம்மாள் சாலை" என்ற பதில் வருவதுண்டு. தாமிரபரணி பாயும் வயற்காட்டிலும் சரி, கிழக்கே பனை நிற்கும் தேரிக்காட்டிலும் சரி, அந்தப் பெயர் மறையவில்லை. இந்தச் சீமையை ஆண்ட எத்தனையோ அரசர்களை ஜனங்கள் மறந்துவிட்டார்கள். பேரனுடைய பெயரால் ராஜ்ய பாரம் தாங்கிய ஒரு கிழவியை மட்டும் மறக்கவில்லை. ஏன் என்று சற்றே ஆராய்வோம்.

மங்கம்மாள் அரச குலத்தில் பிறந்தவள் அல்லள். லிங்கம நாயக்கர் என்னும் படைத்தலைவரின் மகள். மதுரைச் சொக்கநாத நாயக்கர் அவளை மணந்துகொண்டார். 1682-ல் அவர் காலமானபோது மங்கம்மாள் உடன்கட்டை ஏறவில்லை. இளம் பிராயத்து மகன் ரங்ககிருஷ்ண முத்துவீரப்பனுக்குத் துணையாக நின்றாள். ஏழே வருஷங்களில், 1689-ல், அவனையும் வைசூரி கொண்டுபோயிற்று. கர்ப்பவதியாக இருந்த மருமகளும் ஆண் குழந்தையைப் பெற்றுக் கொடுத்துவிட்டு உயிரை விட்டாள். தொட்டிலில் கிடந்த அந்தச் சிசுவுக்கு விஜயரங்க சொக்கநாதன் என்று பட்டம் கட்டி, மங்கம்மாள் திருச்சிராப்பள்ளியிலிருந்து ஆளத் தொடங்கினாள்.

அப்போது நாடு இருந்த நிலை என்ன? ஒளரங்கசீப்பின் சேனை செஞ்சிக் கோட்டையை முற்றுகையிட்டிருந்தது. தஞ்சையில் மராத்தியர், மேற்கே மைசூர், தெற்கே அடங்காத ராமநாதபுரத்துக் கிழவன் சேதுபதி. மங்கம்மாள் மொகலாயருக்குக் கப்பம் செலுத்தினாள். 'இது வீரமா?' என்று நேயர்கள் கேட்கலாம். எதிர்க்க முடியாத இடத்தில் பொன்னைக் கொடுத்துப் பிரஜைகளின் உயிரைக் காப்பதும் ராஜ தர்மந்தான் என்று நாம் சொல்லுவோம்.

போர் செய்ய வேண்டிய இடத்தில் அவள் தயங்கியதும் இல்லை. திருவிதாங்கூர் அரசர் ரவிவர்மர் செலுத்த வேண்டிய கப்பம் நின்றிருந்தது. 1697-ல் சென்ற மதுரைப் படை, கல்குளம் கோட்டையில் வஞ்சகமாகத் தாக்கப்பட்டு நாசமாயிற்று. மங்கம்மாள் சோர்ந்துவிடவில்லை. தளவாய் நரசப்பையரை மறுபடியும் அனுப்பினாள். அவர் வென்று, கப்பத்துடன் திரும்பினார். பின்னர் மைசூர் அரசர் காவிரியை மறித்து அணை கட்டியபோது, பழைய பகையை மறந்து தஞ்சையோடு கைகோத்தாள். படைகள் புறப்படு முன்பே வெள்ளம் வந்து அணையை உடைத்துவிட்டது! ஆனால் 1702-ல் சேதுபதியோடு நடந்த யுத்தத்தில் நரசப்பையர் மாண்டார். அது அவளுக்குப் பெரிய நஷ்டம்.

யுத்தங்களை ஜனங்கள் மறந்தார்கள், நிழலை மறக்கவில்லை. சாலைகளை ஒழுங்குசெய்து, இருமருங்கும் மரம் வைத்து, வழிப்போக்கர் தங்கிச் சாப்பிடச் சத்திரங்கள் ஏற்படுத்தினாள் மங்கம்மாள். மதுரை ரயில் நிலையத்துக்கு எதிரே அவள் பெயரால் விளங்கும் சத்திரத்தைப் பலரும் அறிவார்கள். சுமை வண்டிக்காரனும், கன்னியாகுமரிக்கோ திருச்செந்தூருக்கோ கால்நடையாகப் போன யாத்திரிகனும் அம்மரங்களின் கீழ் இளைப்பாறியிருப்பார்கள். கோயில்களுக்கு மானியம் விட்ட அதே கை, திருச்சிராப்பள்ளி தர்காவுக்கும் நிலம் கொடுத்தது. பாதிரிமார்களும் மரியாதை பெற்றார்கள்.

இவ்வளவும் எதனால் என்பதற்கு ஊரார் ஒரு கதை சொல்லுவார்கள். ஒரு நாள் ஞாபகப் பிசகாக இடக் கையால் தாம்பூலம் போட்டுக்கொண்டாளாம். அந்தத் தோஷத்துக்குப் பிராயச்சித்தமாகவே சாலையும் சத்திரமும் அமைத்தாளாம்! ஓர் அரசன் மரம் நட்டால் அதை அவனுடைய தர்மம் என்கிறோம். ஒரு ராணி நட்டால் அவள் செய்த பிழையைத் தேடுகிறோம். மங்கம்மாளுக்கு இழைக்கப்பட்ட அநீதிகளில் இதுவும் ஒன்றென்றே நமக்குத் தோன்றுகிறது.

அவள் முடிவைப் பற்றிய கதையோ நெஞ்சை உருக்குவது. பேரனுக்கு வயது வந்ததும், அவனைச் சேர்ந்தவர்கள் கிழவியைச் சிறை வைத்து, கண்ணுக்குத் தெரியும்படி, ஆனால் கைக்கு எட்டாதபடி, உணவை வைத்துப் பட்டினியால் கொன்றார்கள் என்பார்கள். கதை எப்படியானாலும், 1706-ஆம் வருஷத்தோடு அவளுடைய ஆட்சி முடிந்தது. பக்தியில் சிறந்த விஜயரங்கன் ஆட்சியில் சிறக்கவில்லை. 1732-ல் அவனும் மறைய, அவன் மனைவி மீனாட்சி பட்டத்துக்கு வந்தாள். சந்தா சாகிபின் வாக்குறுதியை நம்பி ராஜ்யத்தை இழந்தாள். மங்கம்மாளின் காலம் முடிந்து முப்பது வருஷங்களுக்குள் நாயக்கர் அரசே மறைந்தது.

மதுரையில் அவள் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் தமுக்கம் அரண்மனையில் 1959 முதல் காந்தி நினைவு அருங்காட்சியகம் நடைபெறுகிறது. மீனாட்சி கோயில் ஊஞ்சல் மண்டபத்து விதானச் சித்திரத்தில் பேரனும் பாட்டியும் இன்னும் காட்சி தருகிறார்கள். ஆயினும் அவளுக்குச் சரியான ஞாபகச் சின்னம் நெல்லைச் சீமையின் சாலைதான். அதில் நடப்பவர் எந்த மதத்தார், எந்தச் சாதியார் என்று மரநிழல் கேட்பதில்லை.