மாப்பிள்ளைத் தோழனுக்கு என்ன கொடுக்கலாம்?

பெரியவன் கல்யாணத்தில் எனக்கு நேர்ந்த மானக்கேட்டை முதலில் சொல்லிவிடுகிறேன். 2016 வைகாசி மாதம், காங்கயத்தில் முகூர்த்தம். மணப்பெண்ணின் தம்பிதான் மாப்பிள்ளைத் தோழன். மணவறையில் என் மகன் மோதிரத்தை எடுத்து அவன் விரலில் போட்டான். போட்டான் என்றா சொன்னேன்? நடுக்கணுவோடு நின்றுவிட்டது! திருகிப் பார்த்தான், அழுத்திப் பார்த்தான், ஊஹூம். "விடுங்க மச்சான், நான் புடிச்சுக்கறேன்" என்று அந்தப் பிள்ளைதான் சமாளித்தான். போட்டோவில் எல்லாம் விரலை மடக்காமல் விறைப்பாக நிற்கிறான் பாவம்.

தப்பு என்னுடையது. "அவனும் இவன் வாகுதானே" என்று என் மகன் விரலுக்கு அளவெடுத்து வாங்கியிருந்தேன்.

மைத்துனனுக்கு உள்ள இடம் சின்ன இடமா என்ன? எங்கள் பக்கத்துக் கவுண்டர் வீட்டுக் கல்யாணங்களில் அருமைக்காரர் முன்னின்று நடத்த, மாப்பிள்ளையும் மைத்துனனும் கைகோர்த்து உட்கார்ந்திருப்பார்கள். கம்பர் பாடியதாகச் சொல்லப்படும் மங்கல வாழ்த்தை நாவிதர் பாடுவார். யாழ்ப்பாணத் தமிழர் வீடுகளிலும் பெண்ணின் சகோதரன்தான் தோழன். அவன் மாப்பிள்ளையின் காலுக்குத் தண்ணீர் ஊற்ற, மாப்பிள்ளை அவனுக்கு மோதிரம் போடுவதுண்டு. எங்கள் வீட்டிலும் மாப்பிள்ளைதான் போடுவது. சில வீடுகளில் மைத்துனன் மாப்பிள்ளைக்குப் போடுவான். எது உங்கள் வழக்கமோ, சம்பந்தியம்மாளிடம் முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள்.

மோதிரம் வாங்கும்போது கவனிக்க வேண்டியதையும், பட்டுத் தெரிந்துகொண்டவளாகச் சொல்கிறேன். சாயங்காலத்தில் அளவெடுங்கள், காலையில் விரல் சற்று மெலிந்திருக்கும். கணு பருத்த விரலானால் கணுவையும் சேர்த்து அளக்க வேண்டும். கல் வைக்காத வளையமாக இருந்தால் பிறகு ஆசாரி கொஞ்சம் பெரிதாக்கித் தருவார். கல் மோதிரத்தில் அது சிரமம். 916 முத்திரையோடு, எழுத்தும் எண்ணுமாக ஆறு இடம் கொண்ட அடையாளக் குறியும் இருக்கிறதா என்று பாருங்கள். 2023 ஏப்ரல் முதல் இது கட்டாயம். ஆனால் இரண்டு கிராமுக்குக் குறைந்த நகைக்கு முத்திரை கட்டாயமில்லை என்பதால், சின்ன மோதிரம் வாங்குகிறவர்கள் கேட்டு வாங்குங்கள். தங்கம் விற்கிற விலைக்கு முடியாவிட்டால் வெள்ளியே போதும். தங்க முலாம் பூசிய மோதிரம் மட்டும் வேண்டாம். முலாம் தேய்ந்து அடியில் நிக்கல் இருந்தால் சிலருக்கு விரலெல்லாம் அரித்துத் தடித்துவிடும்.

இது மைத்துனன் கதை. சிநேகிதர்கள் கதை வேறே.

2024-ல் சின்னவன் கல்யாணம். அவனுக்குப் பள்ளிக்கூடத்திலிருந்து நான்கு சிநேகிதர்கள். வரவேற்பில் நான்கு பேரும் ஒரே நிறக் கோட்டில் அவன் பக்கத்தில் நிற்க வேண்டுமாம். ஆளுக்கு ஏழாயிரம் ரூபாய், அவரவர் செலவு! பதிலுக்கு இவன் ஒரு பெட்டி தருவான். அதில் பர்ஸ், பெல்ட்டு, பெயர் பொறித்த சாவிக்கொத்து. வெளிநாட்டுப் படங்களைப் பார்த்து வந்த ஆசை. வைகாசி வெயிலில் கோட்டு எதற்கு என்று என் நங்கையா (நாத்தனாரை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) கேட்டதற்கு, "மண்டபம் ஏஸீங்க அத்தை" என்று அவள் வாயை அடைத்துவிட்டான்.

மூன்று பேர் சரி என்றார்கள். நாலாமவன் சோமனூர்ப் பக்கத்துப் பையன், வீட்டிலேயே விசைத்தறி. "அவசரப் பாவு ஓடுது, நிறுத்த முடியாது, வரலைடா" என்று சொல்லிவிட்டான். என் மகனுக்கு ஒரே கோபம். பத்திரிகை வைக்கப் போனபோது அவன் அம்மாவிடம், "கல்யாணத்தன்னைக்கு ஒரு நாள் தறியை நிறுத்தக் கூடாதுங்களா?" என்று கேட்டேன்.

"நிறுத்தறதா? தறி நின்னே பத்து நாளாச்சுங்களே அம்மிணி!" என்றார்.

எனக்குப் பேச்சு வரவில்லை. கோட்டுக்குக் காசில்லை என்று சொல்ல வெட்கப்பட்டுப் பாவு ஓட்டியிருக்கிறான் பையன். எங்கள் காலத்தில் தோழனுக்கு மாப்பிள்ளை வீட்டார்தான் வேட்டி துண்டு எடுத்துக் கொடுப்பார்கள். இப்போது பக்கத்தில் நிற்கவே அவன் கைக்காசு போட வேண்டியிருக்கிறது. இதை மகனிடம் சொன்னேன். ராத்திரி வெகு நேரம் திண்ணையிலேயே உட்கார்ந்திருந்தான். காலையில் கோட்டு ஆர்டரை ரத்துச் செய்துவிட்டு என்னை ஒப்பணக்காரத் தெருவுக்குக் கூட்டிக்கொண்டு போனான். நான்கு பேருக்கும் ஜரிகைக் கரை பருத்தி வேட்டி, ஒரே துணியில் சட்டை. உயரமான பிள்ளைகளுக்கு எட்டு முழமாக எடுங்கள். நான்கு முழம் ஒற்றை வேட்டி பந்தியில் குனிந்து பரிமாறும்போது காலை வாரிவிடும். சட்டைக்கு ஒரு மாதம் முன்பே அளவு வாங்கித் தைக்கக் கொடுத்துவிட வேண்டும். எல்லாமாகச் சேர்த்து, அந்தப் பெட்டிகளுக்கு ஆகவிருந்ததைவிடக் கொஞ்சம்தான் கூட ஆயிற்று.

சோமனூர்ப் பையனுக்கு மகனே நேரில் கொண்டுபோய்க் கொடுத்தான். என்ன பேசிக்கொண்டார்களோ, நான் கேட்கவில்லை. முகூர்த்தத்தன்று விடியற்காலை நான்கு மணிக்கு மண்டப வாசலில் முதல் ஆளாக வாழைமரம் கட்டிக்கொண்டிருந்தான்.

கல்யாணம் முடிந்தபின் ஆளுக்கேற்ற ஒரு பொருள் கொடுத்தோம். பெங்களூரில் அறை எடுத்துத் தங்கியிருப்பவனுக்குப் பவானி ஜமக்காளம். 2005-06-லேயே புவிசார் குறியீடு பெற்ற சரக்கு. கெட்டி நூல், வருஷக்கணக்கில் உழைக்கும். கைக்குழந்தைக்காரனுக்குச் சென்னிமலைப் போர்வை இரண்டு. உறவுக்காரர்களை வேனில் ஏற்றி இறக்கியவனுக்குச் சின்ன வயதிலேயே சர்க்கரை. எல்லோருக்கும் போல மைசூர்பா டப்பாவை நீட்டாமல், நீண்ட பயணத்துக்கு உதவும் நல்ல பிளாஸ்க் ஒன்று.

தறிக்காரப் பையனுக்குப் போர்வை கொடுத்தால் கொல்லன் தெருவில் ஊசி விற்ற கதையாகிவிடும். என்னதான் கொடுப்பது? மகன் பழைய பீரோவைக் குடைந்து ஒரு போட்டோ எடுத்தான். பத்தாவது படிக்கும்போது எடுத்தது. சிநேகிதர்கள் இருவரும் தறியருகே நிற்க, நடுவில் அந்தப் பையனின் அப்பா. அவர் இறந்து ஆறு வருஷமாகிறது. அதைப் பெரிதாக்கிக் கண்ணாடிச் சட்டம் போட்டோம். 450 ரூபாய்தான் ஆயிற்று.

தீபாவளிக்குப் பலகாரம் கொடுக்கப் போயிருந்தேன். தறி ஓடிக்கொண்டிருந்தது. படத்தைக் கூடத்தில் மாட்டவில்லை, தறிக்கு நேர் மேலே மாட்டியிருந்தார்கள்; பஞ்சு படியாமலிருக்கப் பாலிதீன் தாள் சுற்றி.

"எத்தன சுத்துனாலும் படியுதுங்க. வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம அவன்தான் ஏறித் தொடைக்கிறான்" என்றார் அவன் அம்மா.