உங்களுக்குத் தெரியுமா? அடிச்சுவரைப் பார்த்து நடங்கள்: குஸ்கோ நகர உலா

பெரு நாட்டின் ஆண்டீஸ் மலையில் இருக்கிறது குஸ்கோ. இங்கே வருகிறவர்களில் பலர் ஓரிரவு தங்கிவிட்டு மறுநாளே இன்காக்களின் மலை நகரமான மச்சு பிச்சுவுக்குக் கிளம்பிவிடுகிறார்கள். கிளம்புவதற்கு முன் இரண்டு மணி நேரம் ஒதுக்கி, உள்ளூர் வழிகாட்டி ஒருவரோடு நடந்து பாருங்கள். இன்காப் பேரரசின் தலைநகராக இருந்த இந்த ஊரை வேறு எப்படிப் பார்த்தாலும் இவ்வளவு விளங்காது. இந்த நடைக்கு ஒரே ஒரு பழக்கம் போதும்: எந்தக் கட்டடத்தின் முன் நின்றாலும் முதலில் அதன் அடிச்சுவரைப் பாருங்கள்.

● இரண்டு தலைநகர்

பெருவின் தலைநகர் லிமா. அதைச் சொல்லும் 1993ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டத்தின் 49ஆவது பிரிவு, நாட்டின் வரலாற்றுத் தலைநகர் குஸ்கோ என்றும் சேர்த்தே சொல்கிறது. யுனெஸ்கோ 1983இல் குஸ்கோவை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

● முதல் பாடம்: மெதுவாக நடப்பது

குஸ்கோ கடல் மட்டத்திலிருந்து சுமார் 3,400 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. இங்கே காற்றழுத்தம் கடற்கரையில் இருப்பதில் மூன்றில் இரண்டு பங்குதான். தண்ணீர் 89 டிகிரி செல்சியஸ் அளவிலேயே கொதித்துவிடும். மலை உயரத்தால் வரும் தலைவலியையும் மூச்சுத் திணறலையும் உள்ளூரில் 'சொரோச்சே' என்கிறார்கள். வந்து இறங்கிய அன்றே மேட்டுத் தெருக்களில் ஏற வேண்டாம். விடுதிகளில் கோக்கா இலை போட்ட வெந்நீர் தருவார்கள். பெருவில் அது சட்டப்படி செல்லும். ஆனால் பல நாடுகளில் அந்த இலைக்குத் தடை இருப்பதால், ஊருக்குத் திரும்பும்போது பையில் ஓர் இலைகூட இருக்கக் கூடாது.

● மலை உச்சியில் கடல் மணல்

உலாக்கள் பெரும்பாலும் பிளாசா டி அர்மாஸ் என்ற நடுச் சதுக்கத்தை ஒட்டித்தான் தொடங்கும். இன்காக்கள் இதை ஹௌகாய்பாட்டா என்று அழைத்தார்கள். அவர்கள் காலத்தில் இந்தச் சதுக்கம் முழுவதும் பசிபிக் கடற்கரையிலிருந்து சுமந்து வந்த மணல் பரப்பியிருந்தது. இன்காக்களை வென்ற ஸ்பானியர்கள் பின்னாளில் அதை அள்ளி, கோயில் கட்டும் வேலைக்குப் பயன்படுத்திக்கொண்டார்கள்.

● நான்கு திக்கும் சேரும் இடம்

இன்காக்கள் தம் நாட்டைத் 'தவான்டின்சுயு' என்றார்கள். நான்கு பகுதிகள் ஒன்றாய்ச் சேர்ந்தது என்று பொருள். அந்த நான்கு பகுதிகளுக்கும் போகும் பெருவழிகள் குஸ்கோவிலிருந்துதான் பிரிந்தன. 'காபாக் நியான்' எனப்படும் அந்தச் சாலை வலைப்பின்னலின் நீளம் சுமார் 30,000 கிலோமீட்டர். இன்றைய 6 நாடுகளில் பரவிக் கிடக்கும் அது, 2014இல் உலகப் பாரம்பரியச் சின்னமானது.

● ஒரே சதுக்கம், ஒரே பெயர், இரண்டு மரணங்கள்

கடைசி இன்கா அரசர் துபாக் அமருவை 1572இல் ஸ்பானியர்கள் இந்தச் சதுக்கத்தில் தலை துண்டித்துக் கொன்றார்கள். இருநூறு ஆண்டுகளுக்குப் பிறகு அவர் வழி வந்த ஹொசே கப்ரியேல் கொண்டோர்காங்கி, இரண்டாம் துபாக் அமரு என்ற பெயர் சூடி, பெரும் கிளர்ச்சியை நடத்தினார். 1781 மே 18 அன்று அவரும் அவருடைய மனைவி மிக்கேலா பஸ்தீதாஸும் இதே இடத்தில் கொல்லப்பட்டார்கள். படைகளுக்கு வேண்டிய உணவையும் ஆட்களையும் திரட்டிக் கிளர்ச்சியைத் தாங்கி நின்றவர் மிக்கேலா. சதுக்கத்தில் அவருக்காகவும் ஒரு நிமிடம் நில்லுங்கள்.

● இராவுணவில் கினிப் பன்றி

சதுக்கத்தின் ஓரத்தில் நிற்கும் பேராலயம் இன்கா அரண்மனை ஒன்றின் மனையில் எழும்பியது. கட்டி முடிக்க ஏறத்தாழ நூறு ஆண்டுகள் ஆயின. அதற்கான கற்களில் பல, மேலே உள்ள சாக்சாய்வாமன் கோட்டையிலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்தவை. உள்ளே 18ஆம் நூற்றாண்டு ஓவியர் மார்கோஸ் சபாத்தா வரைந்த இயேசுவின் கடைசி இராவுணவு ஓவியம் இருக்கிறது. நடுத் தட்டில் இருப்பது ஆண்டீஸ் விருந்துகளில் பரிமாறும் 'குய்', அதாவது கினிப் பன்றி என்றுதான் உள்ளூரில் காட்டுவார்கள். அந்நியர் கொண்டுவந்த வேதக் கதைக்குள் ஓவியர் தம் ஊர்ச் சாப்பாட்டை வைத்துவிட்டார்.

● ஆறு டன் மணி

பேராலயத்தின் பெரிய மணிக்கு மரியா அங்கோலா என்று பெயர். 1659இல் வார்த்தது; எடை ஏறத்தாழ 6 டன்.

● நிலநடுக்கங்களின் ஆண்டவர்

1650 மார்ச் 31 அன்று குஸ்கோவை நிலநடுக்கம் உலுக்கியபோது, மக்கள் பேராலயத்திலிருந்த சிலுவைநாதர் சிலையைத் தூக்கிக்கொண்டு தெருவில் இறங்கி வேண்டினார்கள். அன்று முதல் அவர் 'நிலநடுக்கங்களின் ஆண்டவர்'. ஆண்டுதோறும் புனித வாரத் திங்கட்கிழமை அவர் பவனி வருகிறார். 'ஞுக்சு' என்ற சிவப்பு மலைப்பூக்களை மக்கள் அவர்மேல் தூவுகிறார்கள். நூற்றாண்டுக் கணக்கில் மெழுகுவர்த்திப் புகையும் பூச்சாறும் படிந்து சிலை கறுத்துப் போயிருக்கிறது.

● இரு பக்கமும் இன்காச் சுவர்

சதுக்கத்திலிருந்து பிரியும் லொரேத்தோ சந்து ஒடுக்கமானது. இரு பக்கமும் இன்காக் கல்சுவர். ஒரு பக்கம் 'அக்ல்யாவசி', அதாவது தேர்ந்தெடுக்கப்பட்ட பெண்களின் இல்லம். அரசருக்கும் கோயிலுக்கும் மெல்லிய துணி நெய்தவர்கள் அவர்கள். அந்த மனையில் இன்று சாந்தா கத்தலீனா கன்னியர் மடம் இருக்கிறது. பெண்கள் உலகை விட்டு ஒதுங்கி வாழும் இடம் என்பது மட்டும், மதம் மாறியும் மாறவில்லை.

● சுவர் ஏன் விழவில்லை?

இன்காக்களிடம் இரும்பு உளி கிடையாது. கடினமான ஆற்றுக் கற்களால் தட்டித் தட்டியே பாறையைச் செதுக்கினார்கள். கல்லுக்கும் கல்லுக்கும் இடையே சாந்து இல்லை. சுவர் அடியில் அகன்று, மேலே போகப்போக உள்பக்கமாகச் சற்றுச் சாய்கிறது. வாசலும் மாடமும் கீழே அகலம், மேலே குறுகல். பூமி அசைந்தால் கற்களும் சற்று அசைந்து, மறுபடி தத்தம் இடத்தில் உட்கார்ந்துகொள்ளும்.

● பன்னிரண்டு மூலைக் கல்

ஹாதுன் ருமியோக் தெருவில், இன்கா ரோகா என்ற அரசரின் அரண்மனைச் சுவராக இருந்த இடத்தில், 12 மூலைகள் கொண்ட ஒரு கல் இருக்கிறது. சுற்றியுள்ள ஒவ்வொரு கல்லும் அந்த மூலைகளுக்கு ஏற்ப வெட்டப்பட்டிருக்கிறது. 'ஹாதுன்' என்றால் பெரிய, 'ருமி' என்றால் கல், 'யோக்' என்பது உடைய என்னும் விகுதி. தெருவின் பெயரே 'பெருங்கல் உடையது'. 2025 பிப்ரவரியில் ஒருவர் இந்தக் கல்லைத் தாக்கி, சில இடங்களில் பெயர்த்துவிட்டார். ஐந்து நூற்றாண்டுகளில் நிலநடுக்கம் செய்யாததை ஒரு மனிதக் கை செய்தது. பார்க்கலாம், தொட வேண்டாம்.

● நீண்ட கழுத்து மாதா

அந்தத் தெருவிலிருந்து படியேறினால் சான் பிளாஸ், கைவினைஞர்களின் பேட்டை. இங்கே வாழ்ந்த சிற்பி ஹிலாரியோ மெந்திவில் செய்த மாதா உருவங்களுக்குக் கழுத்து மிக நீளம். ஆண்டீஸ் மலையின் லாமாக்களைப் பார்த்துப் பிறந்த வடிவம் அது. இன்றும் அந்தப் பாணி உயிரோடு இருக்கிறது.

● கூரைமேல் இரட்டைக் காளை

ஓட்டுக் கூரைகளை அண்ணாந்து பாருங்கள். மண்ணில் செய்த இரண்டு காளைகள், நடுவே ஒரு சிலுவை. புனோ பகுதியைச் சேர்ந்த புகாரா என்ற ஊரின் பெயரால் அறியப்படுபவை. வீட்டுக்குக் காவலும் வளமும் வேண்டி வைக்கிறார்கள். காளையும் சிலுவையும் ஸ்பானியர் வழியாக வந்தவை. அவற்றைக் கூரையின் காவலாக்கியவர்கள் மலைமக்கள்.

● இரண்டு இரத்தம், ஒரு புத்தகம்

இன்கா கார்சிலாசோ டி லா வேகா 1539இல் குஸ்கோவில் பிறந்தார். தந்தை ஸ்பானியப் படைத்தலைவர். தாய் இன்கா அரச குடும்பத்துப் பெண். 1560இல் ஸ்பெயினுக்குப் போனவர் பிறந்த ஊருக்குத் திரும்பவே இல்லை. தாய்வீட்டு முதியவர்கள் சொன்ன கதைகளை நினைவிலிருந்து மீட்டு, இன்காக்களின் வரலாற்றை எழுதி 1609இல் வெளியிட்டார். இரண்டாம் துபாக் அமருவின் கிளர்ச்சிக்குப் பிறகு ஸ்பானிய அரசு அந்தப் புத்தகத்துக்குத் தடை விதித்தது. குஸ்கோவில் அவர் வீடு இன்று அருங்காட்சியகம்.

● சாலைக்கு அடியில் ஆறு

பழைய குஸ்கோ, சாபி, துல்யுமாயு என்ற இரண்டு ஆறுகளுக்கு நடுவே அமைந்தது. இன்காக்கள் அவற்றுக்குக் கல்லால் கரை கட்டினார்கள். இன்று அவெனிதா எல் சோல் சாலையில் நடக்கும்போது, உங்கள் காலுக்குக் கீழே சாபி ஓடிக்கொண்டிருக்கிறது.

● நிலநடுக்கம் திறந்து காட்டிய கோயில்

கொரிக்காஞ்சா என்றால் 'பொன் வளாகம்'. இன்காக்களின் தலைமைச் சூரியக் கோயில் இதுதான். ஸ்பானியர்கள் சிறைபிடித்த இன்கா அரசர் அதவால்பாவை விடுவிக்கப் பிணைப்பொன் திரட்டியபோது, இதன் சுவர்களிலிருந்து சுமார் 700 தங்கத் தகடுகளைப் பெயர்த்தார்கள் என்று அக்கால வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். பொன் போயிற்று, அரசரையும் ஸ்பானியர்கள் கொன்றார்கள். கோயில்மேல் சாந்தோ தொமிங்கோ மடம் எழுந்தது. 1950 மே 21 நிலநடுக்கத்தில் மடத்தின் பகுதிகள் இடிந்து விழுந்தபோது, உள்ளே மறைந்திருந்த இன்காச் சுவர்கள் விழாமல் நின்று வெளியே தெரிந்தன. அடிச்சுவரைப் பாருங்கள் என்று முதலிலேயே சொன்னது இதற்காகத்தான்.

● கண்ணுக்குத் தெரியாத 41 கோடுகள்

கொரிக்காஞ்சாவை மையமாக வைத்து நாலா பக்கமும் 41 கற்பனைக் கோடுகள் போயின. அவற்றின்மேல் 328 புனித இடங்கள்: ஊற்று, பாறை, குன்று, வயல். ஒவ்வொரு கோட்டுக்கும் ஒரு குடும்பக் குழு பொறுப்பு. பாதிரியார் பெர்னபே கோபோ 17ஆம் நூற்றாண்டில் பதிந்து வைத்ததால் இந்தப் பட்டியல் நமக்குக் கிடைத்திருக்கிறது.

● ஜூன் மாதக் குளிர்காலம்

குஸ்கோ பூமத்திய ரேகைக்குத் தெற்கே இருப்பதால் ஜூன் மாதம் அங்கே குளிர்காலம். சூரியனைத் திரும்பி வரச் சொல்லி அழைக்கும் இன்டி ராய்மி திருவிழாவை ஸ்பானிய ஆட்சி தடை செய்தது. 1944இல் மக்கள் அதற்கு மறுபடி உயிர் கொடுத்தார்கள். இன்று ஒவ்வோர் ஆண்டும் ஜூன் 24இல் கொரிக்காஞ்சாவில் தொடங்கி, சாக்சாய்வாமனில் முடிகிறது. அங்கே உள்ள பெருங்கற்களில் சில 100 டன்னுக்கும் மேல் எடையுள்ளவை என்று கணக்கிடுகிறார்கள்.

● வானவில் கொடி

நகரமெங்கும் பறக்கும் ஏழு வண்ணக் கொடி குஸ்கோ நகரத்தின் கொடி. 1978இல் அதிகாரபூர்வமானது.

● நம் குழம்பில் ஆண்டீஸ்

சான் பெத்ரோ சந்தையில் உருளைக்கிழங்குகளைக் குவியல் குவியலாகப் பாருங்கள்: ஊதா, மஞ்சள், கறுப்பு, முண்டும் முடிச்சுமாக. நாம் மசாலாவுக்கு வேகவைக்கும் கிழங்கின் பிறந்த வீடு இந்த மலைதான். 'சுஞ்ஞோ' என்று சிறு கூழாங்கல் போல ஒன்று விற்கும். அதுவும் உருளைக்கிழங்குதான். உறைபனி இரவில் வெளியே பரப்பி, காலால் மிதித்து நீரைப் பிழிந்து, வெயிலில் காயவைத்தது. ஆண்டுக்கணக்கில் கெடாது.

● சிவப்புக் கொடி கட்டிய வீடு

நீண்ட கழியில் சிவப்புத் துணியோ பிளாஸ்டிக் பையோ கட்டியிருந்தால், உள்ளே சோளத்தைப் புளிக்கவைத்த 'சிச்சா' பானம் தயார் என்று அர்த்தம். குடிப்பதற்கு முன் சில துளிகளை மண்ணில் சிந்துகிறார்கள். முதல் பங்கு பூமித்தாய் பச்சமாமாவுக்கு.

● ஊர் திரும்பிய பொருள்கள்

மச்சு பிச்சுவில் அமெரிக்க ஆய்வாளர் ஹைரம் பிங்கம் தோண்டி எடுத்து அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்துக்குக் கொண்டுபோன பொருள்கள் ஒரு நூற்றாண்டு கழித்துத் திரும்பி வந்தன. சதுக்கத்துக்கு அருகே உள்ள காசா கோஞ்சா அருங்காட்சியகத்தில் அவற்றைப் பார்த்துவிட்டு மச்சு பிச்சுவுக்குப் போனால், அங்கே காலியான அறைகளுக்குள் மனிதர்கள் தெரிவார்கள்.

● நாம் வேறு, நாங்கள் வேறு

குஸ்கோ மக்களின் கெச்சுவா மொழியும் தமிழும் உறவு மொழிகள் அல்ல. ஆனால் கெச்சுவாவிலும் சொல்லோடு விகுதிகள் வரிசையாக ஒட்டும். 'வசி' என்றால் வீடு. 'வசிய்' என்றால் என் வீடு. 'வசிய்பி' என்றால் என் வீட்டில். இன்னொன்று இன்னும் நெருக்கம்: கேட்பவரையும் சேர்த்த நாம் 'ஞொகாஞ்சிஸ்', சேர்க்காத நாங்கள் 'ஞொகாய்கு'. வென்றவர்களின் ஸ்பானிய மொழியில் இந்த வேறுபாடு இல்லை. இரண்டுக்கும் ஒரே சொல்தான். குஸ்கோவின் அடிச்சுவர் கல்லில் மட்டும் இல்லை, பேச்சிலும் இருக்கிறது.

● கிளம்பும் முன்

குஸ்கோவில் கட்டணம் இல்லாத நடை உலாக்கள் பல நடக்கின்றன. அவற்றை நடத்தும் வழிகாட்டிகளுக்கு, முடிவில் நாம் தரும் அன்பளிப்புதான் வருமானம். ஆகவே அந்த நாட்டுப் பணமான சோல் தாள்களைத் தயாராக வைத்திருங்கள். தெருவின் கெச்சுவாப் பெயரையும் பொருளையும் ஒவ்வொரு திருப்பத்திலும் கேளுங்கள். விடைபெறும்போது அந்த மொழியிலேயே 'சுல்பாய்கி' என்று சொல்லுங்கள். நன்றி என்று பொருள்.