மலர் மிஸ்ஸும் நம்ம வீட்டு டீன்ஏஜரும்: பிள்ளைகளோடு 'பிரேமம்' பார்க்கலாமா?

2015 மே மாதக் கடைசியில் கேரளத்தில் வெளியான ஒரு மலையாளப் படம் சென்னையில் 200 நாளைத் தாண்டி ஓடியது. தமிழ் டப்பிங் கிடையாது, ரஜினி, விஜய் மாதிரி பெரிய ஸ்டாரும் கிடையாது. அல்போன்ஸ் புத்திரன் இயக்கி, நிவின் பாலி நடித்த 'பிரேமம்' தான் அது. நம்மில் பல பேர் கல்யாணமான புதுசில், சப்டைட்டிலைப் படிச்சுக்கிட்டே பார்த்து ரசிச்ச படம். இப்போ நம்ம பிள்ளைகள் டீன்ஏஜ் வாசலில் நிற்கிறாங்க. "உங்க காலத்து லவ் படம் ஒண்ணு காட்டுங்க"ன்னு கேட்டால், முதலில் கை போகிற படங்களில் இதுவும் ஒன்று. தாராளமா காட்டலாம். ஆனா நாம பார்த்த கண்ணோட அவங்க பார்க்க மாட்டாங்க.

கதை சிம்பிள். ஆலுவாவைச் சேர்ந்த ஜார்ஜ் என்ற பையனின் வாழ்க்கையில் மூன்று பருவம், மூன்று காதல். பதின்வயதில் மேரி. அவள் பின்னாடி ஊரே சுற்றுகிறது. கடைசியில் அவள் காதலிப்பது இன்னொரு பையனை. அவன் பேரும் ஜார்ஜ்! அடுத்து கல்லூரியில் மலர், தமிழ்நாட்டிலிருந்து வந்த கெஸ்ட் லெக்சரர். ஒரு விபத்தில் அவளுக்கு ஞாபகம் போய்விடுகிறது. முப்பது வயசை ஒட்டி, சொந்தமாக ஒரு கஃபே நடத்தும்போது வருகிறாள் செலின்.

தமிழர்கள் சொக்கிப்போனது மலரிடம். சேலை, முகப்பருவை மறைக்காத முகம், தமிழும் தட்டுத்தடுமாறும் மலையாளமும் கலந்த பேச்சு. கோயம்புத்தூரில் வளர்ந்த சாய் பல்லவி அப்போது ஜார்ஜியா நாட்டில் மருத்துவம் படித்துக்கொண்டிருந்தார். சேரனின் 'ஆட்டோகிராப்' (2004) நினைவிருக்கா? அதில் தமிழ்ப் பையன் ஒரு மலையாளப் பெண்ணைக் காதலித்து இழப்பான். இங்கே மலையாளப் பையன் தமிழ்ப் பெண்ணை இழக்கிறான். நம்ம கதையையே எல்லைக்கு அந்தப் பக்கமிருந்து பார்த்த மாதிரி ஒரு சந்தோஷம்.

கேரளத்தில் அது ஒரு அலை. கல்லூரிப் பையன்கள் கறுப்புச் சட்டையும் வேட்டியுமாக நடந்தார்கள். படத்தின் சென்சார் பிரதி இணையத்தில் கசிந்து, போலீஸ் விசாரணை வரைக்கும் போனது. அப்படியும் தியேட்டரில் கூட்டம் குறையவில்லை. 2016-ல் தெலுங்கில் ரீமேக் ஆனது. ஆனால் கேரள மாநில விருதில் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. மாணவன் ஆசிரியையைக் காதலிப்பதும், கல்லூரியில் குடித்துவிட்டு அடிதடி செய்வதும் சரியா என்ற கேள்வி அப்போதே எழுந்தது.

அதே கேள்வியைத்தான் நம்ம பிள்ளைகளும் கேட்பாங்க, இன்னும் அழுத்தமா. "ஒரு பொண்ணு பின்னாடி இத்தனை பேர் சைக்கிள்ல போறது காமெடியா?" "டீச்சர் ஸ்டூடண்டை லவ் பண்ணா வேலை போயிடாதா?" "செலின் குட்டிப் பொண்ணா இருந்தப்பவே ஜார்ஜுக்குத் தெரியுமே, அது ஒரு மாதிரி இல்லையா?" அவங்க படிக்கிற பள்ளிக்கூடம் இதையெல்லாம் வேற மாதிரி சொல்லிக் கொடுத்திருக்கு. அந்த நேரத்தில் "ஐயோ, அது சும்மா படம்பா"ன்னு நாம தட்டிக்கழிச்சா, பேச்சு அங்கேயே முடிஞ்சுடும். "ஆமா, எங்களுக்கு அப்போ அது தப்பாவே தோணல, ஏன் தோணலன்னு இப்போ யோசிக்கிறேன்"னு சொல்லிப் பாருங்க. பேச்சு தொடரும்.

ஏன்னா, இந்தப் படம் நல்லாச் செய்யுற ஒரு விஷயம் நம்ம வீடுகளில் ரொம்பத் தேவை. மேரி வேறொருவனைக் காதலிக்கிறாள் என்று தெரிந்ததும் ஜார்ஜ் அவளைத் திட்டவில்லை, மிரட்டவில்லை. நண்பர்களோடு உட்கார்ந்து சோகப்பட்டுவிட்டு நகர்கிறான். மலரை இழந்து நொறுங்குகிறான். ஆனால் வாழ்க்கை அதோடு முடிந்துவிடவில்லை. செலின் தனக்கு நிச்சயித்தவன் மோசமானவன் என்று தெரிந்ததும் அந்தச் சம்பந்தம் முறிகிறது. குடும்ப மானம் போச்சு என்று படம் ஒப்பாரி வைக்கவில்லை. முதல் காதல்தான் கடைசிக் காதல், தோற்றால் தேவதாஸ் என்று பார்த்து வளர்ந்த நமக்கு இது புதுசு.

நம்ம அப்பா அம்மா காதலைப் பற்றி நம்மகிட்ட பேசினது அநேகமா "படிக்கிற வயசுல படி"ங்கிற ஒரு வரிதான். வெளிநாட்டுக்கு வந்து கஷ்டப்பட்டு நம்மை வளர்த்த அவங்களைக் குறை சொல்ல முடியாது. ஆனா பள்ளியில் மனசு உடைஞ்சு வர்ற பிள்ளை, கதவைச் சாத்திக்கிட்டு அழாம நம்மகிட்ட வந்து சொல்லணும்னா, அதுக்கு முன்னாடியே இந்தப் பேச்சு வீட்டில் சகஜமா இருக்கணும். நேரா உட்கார வச்சுக் கேட்டா எந்தப் பிள்ளையும் வாய் திறக்காது. ஜார்ஜைப் பற்றிக் கேட்டா பேசும்.

சின்னச் சின்ன யோசனைகள்: குடி, சிகரெட், அடிதடி நிறைய இருக்கு. அதனால பன்னிரண்டு, பதிமூன்று வயசுக்குக் கீழே வேண்டாம். மூன்று பருவத்தையும் மூன்று நாளாப் பிரிச்சுப் பார்க்கலாம். விமல் சாரின் ஒருதலைக் காதல் வரும்போது எல்லாரும் சேர்ந்து சிரிங்க. கடைசியில் ஜார்ஜின் கல்யாணத்துக்கு மலர் வருவாள் இல்லையா, அப்போ ஒரு கேள்வி மட்டும் போடுங்க: அவளுக்கு ஞாபகம் திரும்பியிருந்தா, ஏன் அதை ஜார்ஜிடம் சொல்லல? சொல்லியிருக்கணுமா? பிள்ளைகள் பதில் சொல்லும்போது குறுக்கே பேசாம கேளுங்க.