இல்லாத ஊர்கள் - 14: பனிக்கடல் எல்லையில் ஒரு பீரங்கிச் சத்தம்

நடுக்கடலில் கப்பலின் மேல்தளத்தில் விருந்து நடக்கிறது. பாந்தக்ருயேல் சட்டென்று எழுந்து காதைத் தீட்டிக்கொள்கிறான். யாரோ பேசும் சத்தம். சுற்றிலும் பார்த்தால் ஒரு படகு இல்லை, ஒரு திட்டு நிலம் இல்லை. மற்றவர்களும் காதுக்குப் பின்னால் கையைக் குவித்துக் கவனிக்கிறார்கள். முதலில் ஒன்றும் இல்லை. போகப்போக ஆண் குரல், பெண் குரல், குழந்தைகளின் குரல், குதிரைக் கனைப்பு. பனூர்ழுக்கு வயிறு கலங்கிவிடுகிறது. கப்பலைத் திருப்புங்கள், ஓடிவிடலாம் என்று கத்த ஆரம்பிக்கிறான். இத்தனைக்கும் பயணமே அவனுக்காகத்தான். கல்யாணம் செய்துகொள்ளலாமா, வேண்டாமா என்று ஒரு தெய்வீக மதுப்புட்டியிடம் குறி கேட்கப் புறப்பட்ட கூட்டம் அது!

பிரான்சுவா ரபலே 1552-ல் வெளியிட்ட ‘நான்காம் புத்தக’த்தின் 55, 56-ஆம் அத்தியாயங்கள் இவை. சில பக்கங்கள்தான். ஆனால் இந்தத் தொடருக்காகப் படித்த கற்பனை ஊர்களில், இதைப் போல என்னைத் தொந்தரவு செய்த இடம் வேறில்லை.

பயத்தைத் தெளியவைப்பவர் மாலுமி. நாம் பனிக்கடலின் எல்லைக்கு வந்திருக்கிறோம் என்கிறார். போன குளிர்காலத் தொடக்கத்தில் இங்கே அரிமாஸ்பியர்களுக்கும் நெஃபெலிபாட்டுகளுக்கும் பெரும்போர் நடந்தது. (முன்னவர்கள் ஹெரோடோட்டஸ் எழுதிவைத்த ஒற்றைக்கண் மனிதர்கள், பின்னவர்கள் மேகத்தில் நடப்பவர்கள்.) ஆட்களின் அலறல், கதாயுதங்கள் மோதும் ஓசை, கவசம் நொறுங்கும் ஓசை எல்லாம் குளிரில் அப்படியே காற்றில் உறைந்துவிட்டன. இப்போது வெயில் காலம் வருகிறது. உருகுகின்றன, உருகுவதால் கேட்கின்றன.

நெல்லைக் கொட்டினால் அள்ளலாம், சொல்லைக் கொட்டினால் அள்ள முடியாது என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்வார்கள். ரபலேயின் கப்பலில் அள்ளுகிறார்கள். இன்னும் உருகாத சொற்களைப் பாந்தக்ருயேல் கை நிறைய அள்ளித் தளத்தில் வீசுகிறான். சிவப்பு, பச்சை, நீலம், கறுப்பு, பொன்னிறம்; பார்வைக்குச் சீரக மிட்டாய். உள்ளங்கைச் சூட்டில் வைத்தால் பனிபோலக் கரைந்து ஒலிக்கின்றன. மொழிதான் புரியவில்லை. கொஞ்சம் பருமனாக இருந்த ஒன்றைத் துறவி ழான் கைக்குள் வைத்துச் சூடாக்குகிறார். கீறாமல் நெருப்பில் போட்ட செஸ்ட்நட் கொட்டைபோல அது வெடிக்கிறது. எல்லோரும் தூக்கிவாரிப் போட்டு நிற்கிறார்கள். அது ஃபால்கன் என்ற சிறு பீரங்கி சுட்ட சத்தமாம். சுட்டவன் செத்தானா, பிழைத்தானா, யாருக்குத் தெரியும்? சத்தம் மட்டும் இன்றைக்குத்தான் வந்து சேருகிறது.

வேடிக்கை இதோடு நின்றிருந்தால் குழந்தைக் கதை. அடுத்து, குத்தும் சொற்கள் கிடைக்கின்றன. ரத்தம் தோய்ந்த சொற்கள் கிடைக்கின்றன. இந்த மாதிரிச் சொல் சில சமயம் தன்னைப் பேசிய இடத்துக்கே திரும்பிப் போகும் என்கிறார் மாலுமி. திரும்பிப் போனால், அங்கே இருப்பது அறுபட்ட தொண்டை. ரபலே இதற்கு ஒரு வாக்கியத்துக்குமேல் செலவழிக்கவில்லை. உடனே நக்கலுக்குத் தாவிவிடுகிறார். எனக்கும் கொஞ்சம் சொற்கள் கொடு என்கிறான் பனூர்ழ். சொல் கொடுப்பது காதலர்கள் வேலை என்று பதில் வருகிறது. சரி, விலைக்காவது கொடு. அது வக்கீல்கள் வேலை. வேண்டுமானால் மௌனத்தை விற்கிறேன், விலை அதிகம்! சில சொற்களை எண்ணெயில் ஊறப்போட்டு, வைக்கோலில் பொதிந்து வைத்துக்கொள்ளலாமா என்று கதைசொல்லி ஆசைப்படுகிறார். பாந்தக்ருயேல் விடுவதில்லை.

உறைந்த சொல் ரபலேயின் சொந்தச் சரக்கு அல்ல. புளுடார்க்கிடமே இருக்கிறது. 1528-ல் காஸ்டில்யோனே எழுதிய ‘அரசவையாளர் நூல்’ இதை இன்னும் ருசியாகச் சொல்கிறது. லூக்கா நகரத்து வியாபாரி ஒருவர் உயர்ந்த சேபிள் தோல் வாங்கப் போலந்து போகிறார். போலந்துக்கும் மாஸ்கோவுக்கும் சண்டை. எல்லையில் தினைப்பர் ஆறு கல்லாக உறைந்து கிடக்கிறது. மாஸ்கோ வியாபாரிகள் பயந்துகொண்டு அக்கரையிலேயே நின்று விலையைக் கூவுகிறார்கள். கூவிய விலை பாதி வழியில் உறைந்து நின்றுவிடுகிறது. விவரம் தெரிந்த போலந்துக்காரர்கள் நடு ஆற்றில் தீ மூட்ட, சொற்கள் உருகி இக்கரைக்கு வருகின்றன. அதற்குள் அக்கரையில் ஆளே இல்லை. விலையும் கட்டுப்படியாகவில்லை, வியாபாரி வெறுங்கையோடு ஊர் திரும்புகிறார்.

இந்தப் புளுகுக்கு அடியில் கொஞ்சம் உண்மையும் கிடக்கிறது. உறைந்த நீர்ப்பரப்பின் மேல், தரையோரக் காற்று பெரும்பாலும் மேல்காற்றைவிடக் குளிர்ந்திருக்கும். குளிர்காற்றில் ஒலியின் வேகம் குறைவு. அதனால் மேலே போகவேண்டிய ஒலி வளைந்து மறுபடி கீழே இறங்கும்; தொலைதூரப் பேச்சு பக்கத்தில் கேட்கும். ஆளைக் காணோம், குரல் மட்டும் வருகிறது என்று வடக்கே போன யாரோ ஊர் திரும்பிச் சொல்லியிருப்பார்கள் என்பது என் ஊகம்.

எடிசனின் 1877 போனோகிராஃபுக்கு ரபலே அப்போதே முன்னோடி என்று பலர் எழுதுவதுண்டு. எனக்கு ஒப்பவில்லை. இசைத்தட்டை நூறு முறை போடலாம். பனிக்கடல் சொல் ஒரே முறைதான் ஒலிக்கும், அப்புறம் கை ஈரமாவதோடு சரி. அவர் மனத்தில் இருந்தது கருவி அல்ல, காலம் தாழ்ந்து வெடிக்கும் பேச்சு. அந்த ஆபத்தை அவர் பக்கத்தில் இருந்தே பார்த்தவர். 1546-ல் ‘மூன்றாம் புத்தகம்’ வந்ததும் சோர்போன் இறையியலாளர்கள் கண்டித்தார்கள். ரபலே பிரெஞ்சு மன்னரின் ஆட்சிக்கு வெளியே இருந்த மெஸ் நகரத்துக்குப் போய் மருத்துவம் பார்த்தார். அதே வருடம் ஆகஸ்ட் 3-ஆம் தேதி பாரிஸின் மொபேர் சதுக்கத்தில் எத்தியென் தொலேயைக் கொன்று எரித்தார்கள். ரபலேயின் முதல் இரு நூல்களை 1542-ல் அனுமதி கேட்காமலே அச்சிட்டவர் அவர். பிளேட்டோ பெயரில் வழங்கிய உரையாடல் ஒன்றை மொழிபெயர்த்தபோது, செத்தபின் எதுவுமே மிஞ்சாது என்று படும்படி மூன்று சொற்களைக் கூடுதலாகச் சேர்த்தார் என்பது குற்றச்சாட்டுகளில் ஒன்று. ‘நான்காம் புத்தகம்’ கடைக்கு வந்தபோது, பாரிஸ் நீதிமன்றம் அதன் விற்பனையையும் நிறுத்திவைத்தது.

கப்பல் அங்கேயே நிற்கவில்லை. 57-ஆம் அத்தியாயத்தில் அது கரை சேருவது காஸ்டர் பிரபுவின் நாட்டில். காஸ்டர் என்றால் வயிறு. உலகத்துக் கலைகளுக்கெல்லாம் முதல் ஆசான் அவரே என்கிறார் ரபலே. விளைந்த தானியத்தைக் காக்கக் கோட்டை கட்டியவர், பீரங்கி செய்தவர், வரும் குண்டைத் திருப்பி அனுப்பும் வித்தை கண்டவர் எல்லாம் அவர்தான். அந்த நாட்டுக்கு அடுத்த வாரம் போவோம்.