அடிபட்டால் வலியை மறைக்காதீர்கள்

தோழர்களே, தோட்டத்தை விட்டுச் செந்தூல் பக்கம் குடியேறிய நம் பிள்ளைகள் பலர் மோட்டார் சைக்கிளில்தான் வேலைக்குப் போய் வருகிறார்கள். கார் மோதி விழுந்தால், "சின்ன அடிதான், சரியாப் போயிடும்" என்று வீட்டுக்கு வந்துவிடாதீர்கள்.

நஷ்டஈட்டு வழக்கை விசாரிப்பது செஷன்ஸ் கோர்ட். நீதிபதி முக்கியமாக இரண்டு கணக்குப் பார்ப்பார்.

ஒன்று, உடல் பட்ட வேதனைக்கு. எந்த எலும்பு முறிந்தது, எவ்வளவு ஊனம் என்று டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்து, முந்திய தீர்ப்புகளோடு ஒப்பிட்டுத் தொகை சொல்வார்.

இரண்டு, இனிமேல் கிடைக்காத சம்பளத்துக்கு. 1956 சிவில் சட்டம் 2019-இல் திருத்தப்பட்டது. அதன்படி 30 வயது வரை 16 வருடக் கணக்கு. அதற்கு மேல், 60-இல் வயதைக் கழித்து வருவதில் பாதி. 60 ஆகிவிட்டால் இந்தத் தொகை கிடையாது.

உதாரணமாக, 40 வயதுக்காரருக்கு 10 வருடம். அவர் இனி வேலையே செய்ய முடியாது என்று வைத்துக்கொள்வோம். சம்பளம் 1,500 வெள்ளி, சொந்தச் செலவு 500 என்றால், மாதம் 1,000 வீதம் 120,000 வெள்ளி. தப்பு நம் பக்கமும் இருந்தால் அதற்கேற்பக் குறையும்.

ஆகவே, 24 மணி நேரத்துக்குள் போலீசில் ரிப்போர்ட் செய்யுங்கள். தலைசுற்றல், முதுகுவலி, எதையும் டாக்டரிடம் விடாமல் சொல்லுங்கள். சம்பளச் சீட்டு, மருந்து ரசீதுகளைப் பத்திரப்படுத்துங்கள். வேலைக்குப் போகும் வழியில், வரும் வழியில் நடந்த விபத்தென்றால் பெர்கேசோவிலும் மனுச் செய்யுங்கள்.

எழுத்தில் இல்லாத வலியைக் கோர்ட்டில் காட்டுவது கஷ்டம்.