படைக்கு ஏற்றவர் யார்?

படையைப் பற்றி எழுதப் புகும் தமிழ் மாணவர் புறநானூற்றில் தொடங்குவது வழக்கம். நான் எங்கள் விடுதி உணவுக்கூடத்தில் தொடங்குகிறேன்.

சென்ற பருவத்தில் ஒரு நாள் இரவு, சப்பாத்தி வரக் காத்திருந்த நேரத்தில், பேச்சு இராணுவத்தின் பக்கம் திரும்பியது. மேசையைச் சுற்றி ஐவர் இருந்தோம். நால்வர் வடபுலத்தார், தமிழகத்திலிருந்து வந்தவள் நான் ஒருத்தியே. மூன்று தலைமுறையாகப் படைப்பணி புரிந்த குடும்பத்தைச் சேர்ந்த தோழி ஒருத்தி, “உங்கள் பக்கத்தார் கணக்குப் போடுவார்கள், எங்கள் பக்கத்தார் எல்லையில் நிற்பார்கள்” என்று குறும்பாகச் சொன்னாள். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். சற்று நேரத்தில் மற்றொரு நண்பர், “பெண்களைப் படையில் சேர்ப்பது அணிவகுப்புக்கு அழகு; போருக்கு ஆகாது” என்றார். இம்முறை அந்தத் தோழி சிரிக்கவில்லை.

அறைக்குத் திரும்பிய பின் எண்ணிப் பார்த்தேன். முதற்கூற்று ஓர் இனத்தைப் பற்றியது. இரண்டாவது ஒரு பாலைப் பற்றியது. ஆயினும் இரண்டும் ஒரே அச்சில் வார்த்தவை. “இன்னார் போருக்குப் பிறந்தவர், இன்னார் பிறவாதவர்” என்பதே அந்த அச்சு. அது எங்கே செய்யப்பட்டது, எவ்வாறு தேய்ந்து வருகிறது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

போர்க்குலம் என்னும் கொள்கை

கிழக்கிந்தியக் கம்பெனியார்க்கு வங்காளம், பம்பாய், சென்னை என மூன்று மாகாணப் படைகள் இருந்தன. இவற்றுள் சென்னைப் படை பழமை வாய்ந்தது. இன்றைய மதராஸ் ரெஜிமெண்டு தன் தோற்றத்தை 1758ஆம் ஆண்டிலிருந்து கணக்கிடுகிறது. அதன் சின்னத்திலுள்ள யானை, 1803இல் நடைபெற்ற அசாயிப் போரின் நினைவாக வந்தது. 1806இல் வேலூர்க் கோட்டையில் வெள்ளையரை எதிர்த்துக் கிளர்ந்தெழுந்தவர்களும் இச்சென்னைப் படையின் சிப்பாய்களே.

1857இல் வடக்கே பெருங்கிளர்ச்சி மூண்டது. அதை முன்னின்று நடத்தியது வங்காளப் படை. கிளர்ச்சி அடங்கிய பின் ஆங்கிலேயர் ஆள் சேர்க்கும் முறையையே மாற்றத் தொடங்கினர். தமக்குத் துணை நின்ற பஞ்சாபியரையும் கூர்க்கர்களையும் “போர்க்குலத்தார்” என்று போற்றினர். ஏனையோரைப் போருக்கு ஆகாதவர் என்று ஒதுக்கினர். இக்கொள்கையை உரக்கச் சொன்னவர்களில் முதன்மையானவர் ராபர்ட்ஸ் பிரபு. 1881 முதல் 1885 வரை சென்னைப் படையின் தலைவராகவும், பின்னர் 1893 வரை இந்தியப் படை முழுமைக்கும் தலைவராகவும் இருந்தவர் அவர். நெடுங்கால அமைதி தென்னாட்டுச் சிப்பாயை மென்மையாக்கிவிட்டது என்பது அவர் தீர்ப்பு.

இத்தீர்ப்பின் விந்தையைக் காண்க. தென்னாட்டில் போர் ஓய்ந்திருந்தது. ஆகவே அங்குள்ள சிப்பாய்க்குப் போரிடும் வாய்ப்புக் குறைந்தது. வாய்ப்புக் குறைந்ததால் புகழ் குறைந்தது. புகழ் குறைந்ததைக் காட்டி, “இவன் குருதியிலேயே வீரம் இல்லை” என்றனர். அதன் பெயரால் பட்டாளங்களைக் கலைத்தனர். கலைத்த பின்னர், “பாருங்கள், தென்னாட்டிலிருந்து படைக்கு ஆளே வருவதில்லை” என்றனர். வட்டமாகச் சுழலும் வாதம் என்பது இதுதான். முடிவையே சான்றாகக் காட்டும் ஆய்வேட்டை எங்கள் பேராசிரியர் எவரும் ஒரு நொடியும் ஏற்கமாட்டார். ஆனால் ஒரு பேரரசு அதனை அரை நூற்றாண்டுக்கு மேல் ஏற்றுக்கொண்டிருந்தது.

இத்தீங்கு தென்னாட்டாரோடு நின்றுவிடவில்லை. மராட்டிய நாட்டின் மகர் மக்கள் பம்பாய்ப் படையில் நெடுங்காலம் பணியாற்றியவர்கள். அண்ணல் அம்பேத்கரின் தந்தையாரும் சுபேதாராக இருந்தவர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அவர்களுக்கும் படைவாயில் அடைக்கப்பட்டது. முதல் உலகப் போர் வந்தபோது ஆள் வேண்டியிருந்தது, திறந்தார்கள். போர் முடிந்தது, மீண்டும் அடைத்தார்கள். இரண்டாம் உலகப் போர் வந்தது. 1941இல் மகர் ரெஜிமெண்டு உருவாயிற்று. மதராஸ் ரெஜிமெண்டின் கதையும் இதுவே. முதற்போருக்குப் பின் கலைக்கப்பட்ட அது, இரண்டாம் போரின்போது மீண்டும் எழுந்தது. ஐந்தாறு ஆண்டுகளுக்குள் ஓர் இனத்தின் குருதி மாறுவதில்லை. மாறியது அரசின் தேவை ஒன்றே.

இவ்வளவுக்கும் இடையில் கலையாது நின்றவர்கள் மதராஸ் சாப்பர்கள் என்னும் படைப் பொறியாளர்கள். அவர்களுள் ஒருவர் காஞ்சிபுரம் பகுதியைச் சேர்ந்த சுபேதார் சுப்பிரமணியன். 1944 பிப்ரவரி 24ஆம் நாள் இத்தாலியில் கண்ணிவெடி அகற்றும் பணியில் இருந்தபோது, வெடிக்கவிருந்த கண்ணியின்மீது தாமே விழுந்து, உடனிருந்தோரைக் காத்து உயிர் நீத்தார். அவருக்கு ஜார்ஜ் சிலுவை வழங்கப்பட்டது. குருதியில் வீரம் இல்லை என்றவர்களுக்கு இதைவிட வேறு மறுமொழி வேண்டுமோ?

விடுதலைக்குப் பின் 1949இல், படையில் சேர்வதற்கு வகுப்பு ஒரு தடையாகாது என்று நம் அரசு அறிவித்தது. அவ்வாண்டிலேயே பல வகுப்பாரும் கலந்த காவலர் படையணி அமைந்தது. எனினும் பழைய ரெஜிமெண்டுகள் பல தத்தம் வகுப்பு அமைப்போடு தொடர்ந்தன. 2022இல் அக்னிபாத் திட்டத்தை அறிவித்தபோது, எல்லா வகுப்பாரையும் எங்கும் சேர்க்கும் முறையை நோக்கி நகர்வோம் என்று அரசு கூறியது. ஒரே வகுப்பார் சேர்ந்து நின்றால்தான் ஒற்றுமை உறுதிப்படும் என்பாரும் உளர். அவ்வாதத்தை எளிதில் தள்ளிவிட இயலாது. ஆனால் அதனை வேறொரு நாடு சோதித்துப் பார்த்திருக்கிறது.

அமெரிக்கர் கண்ட பாடம்

அமெரிக்கப் படையில் கறுப்பினத்தார்க்குத் தனி அணிகளே இருந்தன. 1948 ஜூலை 26ஆம் நாள் குடியரசுத் தலைவர் ட்ரூமன், இன வேறுபாடின்றிச் சம வாய்ப்பு அளிக்க வேண்டும் என 9981ஆம் ஆணையைப் பிறப்பித்தார். தளபதிகள் பலர் தயங்கினர். கட்டுப்பாடு குலையும், போர்த்திறன் கெடும் என்றனர். 1950இல் கொரியப் போர் மூண்டது. ஆள் பற்றாக்குறையால் வெள்ளையரும் கறுப்பரும் ஒரே அணியில் நிற்க நேர்ந்தது. 1951இல் அறிஞர் குழுவொன்று அவ்வணிகளை ஆராய்ந்தது. கலப்பினால் போர்த்திறன் குன்றவில்லை என்பதே அவர்கள் கண்ட முடிவு. 1954க்குள் தனியணிகள் மறைந்தன.

அதே 1948இல் அமெரிக்கப் பெண்களும் நிலையான படைப்பணிக்கு உரியவர்கள் எனச் சட்டம் வந்தது. ஆனால் மொத்த எண்ணிக்கையில் நூற்றுக்கு இரண்டு பேருக்கு மேல் கூடாது என ஒரு வரம்பும் உடன் வந்தது. அவ்வரம்பு நீங்க 1967 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. கதவைத் திறப்பதும், அதைப் பாதியிலேயே நிறுத்தி வைப்பதும் எல்லா நாடுகளிலும் உள்ள பழக்கம் போலும்!

பெண்கள் வந்த வழி

நம் நாட்டில் பெண்கள் படையுடை உடுத்தியது நேற்று இன்று அன்று. 1943இல் சிங்கப்பூரில் நேதாஜி ஜான்சி ராணிப் படையை அமைத்தார். அதற்குத் தலைமை தாங்கிய டாக்டர் லட்சுமி, சென்னை மருத்துவக் கல்லூரியில் பயின்றவர். துப்பாக்கி ஏந்திய பெண்களுள் பெரும் பகுதியினர் மலேயா ரப்பர்த் தோட்டங்களிலிருந்து வந்த தமிழ்ப் பெண்கள். அவர்களை எந்தப் போர்க்குலப் பட்டியலிலும் ராபர்ட்ஸ் பிரபு சேர்த்திருக்கமாட்டார்.

ஆயினும் 1950ஆம் ஆண்டின் இராணுவச் சட்டத்தில் 12ஆம் பிரிவு, அரசு தனியே அறிவிக்கும் துறைகளில் அன்றிப் பெண்களைப் படையில் சேர்த்தலாகாது என்றது. செவிலியரும் மருத்துவரும் நீங்கலாக, ஏனைய பெண்களுக்கு 42 ஆண்டுகள் கதவு மூடியே இருந்தது. 1992இல் கல்வி, சட்டம், தபால் முதலிய சில துறைகள் குறுகிய காலப் பணிக்காகத் திறக்கப்பட்டன. முதல் அணியினர் பயிற்சி பெற்றது நம் சென்னைப் பரங்கிமலையில். 1993இல் அதிகாரிகளாக வெளிவந்தனர்.

திறந்தது சிறு வாயில்தான். ஆண் அதிகாரி நிரந்தரப் பணி பெறலாம். பெண் அதிகாரி சில ஆண்டுகளில் ஓய்வூதியமின்றி வீடு திரும்ப வேண்டும். இதனை எதிர்த்த வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றது. ஊர்ப்புறங்களிலிருந்து வரும் வீரர்கள் பெண்ணின் ஆணையை ஏற்க மனத்தளவில் ஆயத்தமாக இல்லை என்பது அங்கே அரசு தரப்பு சொன்ன காரணங்களுள் ஒன்று. 2020 பிப்ரவரி 17ஆம் நாள் நீதிமன்றம் அக்காரணங்களைத் தள்ளி, நிரந்தரப் பணியும் அணித்தலைமையும் பெறப் பெண்களுக்கு உரிமை உண்டு எனத் தீர்ப்பளித்தது.

சாய்ந்த தராசு

அதன் பின் நடந்ததுதான் அறிவியல் மாணவர் கருதத்தக்கது. தீர்ப்பை நிறைவேற்ற ஒரு தேர்வுக்குழு அமைந்தது. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே விதி என்றார்கள். விதி ஒன்றுதான், ஆனால் அதை அளந்த காலம் வேறு.

ஆண் அதிகாரியை ஐந்தாம் அல்லது பத்தாம் ஆண்டில், அவருடைய இருபத்தைந்து முதல் முப்பது வயதுக்குள் சோதிப்பது வழக்கம். பெண்களுக்கோ உரிய காலத்தில் அந்த வாய்ப்பே தரப்படவில்லை. பல ஆண்டுகள் வழக்காடி அவர்கள் வந்து நின்றபோது, பலருக்கு நாற்பது வயது கடந்திருந்தது. அவர்களிடம் இளைஞர்க்குரிய உடல்தகுதியைக் கேட்டனர். ஆண்டுதோறும் மேலதிகாரி எழுதும் மதிப்பீட்டுக் குறிப்புகளையும் பார்த்தனர். அக்குறிப்புகளோ, இப்பெண்ணுக்கு நிரந்தரப் பணி கிடையாது என்று நன்கறிந்தவர்கள், கருத்தூன்றாது எழுதியவை.

2021 மார்ச் 25ஆம் நாள் உச்சநீதிமன்றம் இம்முறையைக் கண்டித்தது. எல்லோர்க்கும் பொதுவாகத் தோன்றும் விதியும் ஒரு சாராரை மட்டும் வெளியே தள்ளுமாயின், அது மறைமுகப் பாகுபாடே என்றது. சோதனைச்சாலையில் நாங்கள் முதலில் கற்கும் பாடமும் இதுவே. இரண்டு பொருள்களை ஒப்பிட வேண்டுமாயின், இரண்டையும் ஒரே நிலையில் வைத்து அளக்க வேண்டும். சாய்ந்த தராசு எல்லோரிடமும் ஒரே மாதிரிதான் நடந்துகொள்கிறது. அதனால் அது நேர்மையான தராசு ஆகிவிடாது.

உடல்வலிமையைப் பற்றிய ஐயத்தையும் மறைத்தல் தகாது. ஆண்களின் சராசரி உடல்வலிமை பெண்களின் சராசரியைவிட மிகுதி என்பது உண்மை. ஆனால் சராசரி என்பது ஒரு கூட்டத்தின் எண். தேர்வுக்கு வந்து நிற்பவரோ ஒரு தனி ஆள். சராசரிக்கு மேற்பட்ட பெண்களும், கீழ்ப்பட்ட ஆண்களும் பல்லாயிரவர் உளர். ஒரு பணிக்கு எவ்வளவு சுமை தூக்க வேண்டுமோ, எவ்வளவு தொலைவு நடக்க வேண்டுமோ, அதை முதலில் வரையறுங்கள். பிறகு வருவோர் எல்லோரையும் அதைக்கொண்டே அளவிடுங்கள். தேறியவர் வரட்டும், தேறாதவர் திரும்பட்டும். அளவைத் தளர்த்துமாறு எவரும் கேட்கவில்லை. அளப்பதற்கு முன்பே விடையை எழுதிவிடாதீர்கள் என்றே கேட்கிறோம்.

சில மாதங்கள்

என் செய்தி ஒன்றையும் இங்கே சொல்ல வேண்டும். பள்ளியில் நான் தேசிய மாணவர் படையில் இருந்தேன். மேல்வகுப்பில் படித்தபோது, கடக்வாசலாவிலுள்ள தேசியப் பாதுகாப்புக் கழகத்தின் தேர்வைப் பற்றிப் பயிற்சியாளரிடம் கேட்டேன். “அது ஆண்பிள்ளைகளுக்கு அம்மா” என்றார். அவர்மீது குற்றமில்லை, விளம்பரமே அப்படித்தான் சொல்லிற்று. 2021 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் பெண்களும் அத்தேர்வை எழுதலாம் என்று ஆணையிட்டது. செய்தியைப் படித்துவிட்டு விரல்விட்டு எண்ணினேன். உச்ச வயது பத்தொன்பதரை. முதல் அணி சேரவேண்டிய நாளில் எனக்கு அதற்குமேல் சில மாதங்கள் ஆகியிருக்கும்.

பட்டதாரிப் பெண்களுக்குப் பரங்கிமலை வழி அப்போதும் இருந்தது, இப்போதும் இருக்கிறது. நான் இயற்பியலைத் தேர்ந்தேன். அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் ஒன்று மட்டும் நெஞ்சில் நிற்கிறது. அத்தேர்வில் நான் தோற்றிருக்கலாம். தோற்கும் வாய்ப்பும் எனக்குக் கிடைக்கவில்லை.

2025 மே 30ஆம் நாள் அக்கழகத்திலிருந்து முதன்முதலாக 17 பெண்கள் பயிற்சி முடித்து வெளிவந்தனர். 2016இல் மூவர் போர்விமான ஓட்டிகளாயினர். 2021இல் இராணுவப் போலீசில் 83 பெண்கள் சிப்பாய்களாகச் சேர்ந்தனர். 2023இல் பீரங்கிப் படைக்குப் பெண் அதிகாரிகள் ஐவர் சென்றனர். காலாட்படையும் கவசவாகனப் படையும் பெண்களுக்கு இன்னும் திறக்கவில்லை.

மறுநாள் காலை உணவின்போது அந்தத் தோழியிடம் சுபேதார் சுப்பிரமணியனைப் பற்றிச் சொன்னேன். கேள்விப்பட்டதே இல்லை என்றாள். இரண்டு முறை பெயரைக் கேட்டுச் சரியாக உச்சரிக்கப் பழகினாள். பிறகு, தன் தம்பியைப் படைக்கு அனுப்ப வீட்டில் எல்லோரும் ஆயத்தமாக இருந்ததையும், தானும் ஒரு காலத்தில் போக விரும்பியதை எவரும் கேட்கவே இல்லை என்பதையும் சொன்னாள். அவள் என் இனத்தைப் பற்றிச் சொன்னதையும், அவள் வீட்டார் அவளைப் பற்றி எண்ணியதையும் அருகருகே வைத்துப் பார்க்க இருவர்க்கும் நேரமிருந்தது. அன்று முதல் வகுப்பு பத்து மணிக்குத்தான்.

நண்பர்களே, நாம் தாய்நிலம் விட்டு வந்து பயில்பவர்கள். “உங்களவர்க்கு இது வரும், அது வராது” என்னும் சொற்கள் நம் காதில் அடிக்கடி விழும். நாமும் பிறரைப் பற்றி, நம் வீட்டுப் பெண்களைப் பற்றி, அவ்வாறே சொல்வதுண்டு. இனி அச்சொல்லைக் கேட்கும்போதும் சொல்லும்போதும் ஒரு வினா எழுப்புவோம்: இதை அளந்தவர் யார்? எதைக்கொண்டு அளந்தார்?