கடை மூடிய இரண்டு ஜனாதிபதிகள்

அமெரிக்க ஜனாதிபதி என்றதும் வெள்ளை மாளிகையும் தனி விமானமும் பாதுகாப்புப் படையும்தான் நம் கண்முன் வரும். அந்தப் பதவியில் இருந்தவர்களில் இருவர் நம்மைப் போலவே கல்லாவில் உட்கார்ந்து, கடனுக்குச் சரக்கெடுத்து, நஷ்டப்பட்டு, கடையைப் பூட்டியவர்கள் என்பது நம் வணிக அன்பர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? ஒருவர் ஆபிரகாம் லிங்கன். மற்றவர் ஹாரி ட்ரூமன். பின்னாளில் இவர்கள் எடுத்த முடிவுகள் கடல் கடந்து நம் பக்கத்து வியாபாரத்தையும் தொட்டன. அதனால்தான் இந்த இருவரை மட்டும் எடுத்துக்கொண்டோம். தையற்காரராக இருந்த ஆண்ட்ரூ ஜான்சன், நிலக்கடலை வியாபாரம் செய்த ஜிம்மி கார்ட்டர் ஆகியோரை வேறொரு இதழில் பார்க்கலாம்.

லிங்கன் 1809-இல் கென்டக்கியில் பிறந்தவர். 22 வயதில் இல்லினாய் மாநிலத்தில் நியூ சேலம் என்ற சிற்றூருக்கு வந்து ஒரு கடையில் சம்பளத்துக்கு நின்றார். ஒரு பெண்ணிடம் தவறுதலாகச் சில காசுகள் கூடுதலாக வாங்கிவிட்டு, கடை அடைத்த பிறகு மைல் கணக்கில் நடந்து போய்த் திருப்பிக் கொடுத்தார் என்று பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்கிற கதை இந்தக் காலத்தைப் பற்றியதுதான். வியாபாரிகளான நமக்கு அதைவிடப் பெரிய விஷயம், அதன் பிறகு அவர் சொந்தமாகக் கடை போட்டது.

வில்லியம் பெர்ரி என்பவரோடு பங்கு சேர்ந்து, ஏற்கெனவே நொடித்துக்கொண்டிருந்த கடைகளின் சரக்கை வாங்கினார்கள். கையில் ரொக்கம் இல்லை, எல்லாம் புரோநோட்டுதான். பங்குதாரர் குடிப்பழக்கத்தில் விழுந்தார். லிங்கனோ புத்தகப் பிரியர். கடையில் ஆள் வந்து நிற்பது தெரியாமல் படித்துக்கொண்டிருந்தால் வியாபாரம் என்ன ஆகும் என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் பழி முழுவதையும் இருவர் மேலும் போட்டுவிட முடியாது. ஆற்றில் நீராவிக் கப்பல் வரும், ஊர் பெருகும் என்று நம்பித்தான் நியூ சேலத்தில் பலரும் முதல் போட்டார்கள். கப்பல் போக்குவரத்து நிலைக்கவில்லை. 1840 வாக்கில் அந்த ஊரே காலியாகிவிட்டது. வராத சாலையையும் வராத பேருந்து நிலையத்தையும் நம்பி முன்கூட்டியே கடை பிடித்தவர்களை நாமும் பார்த்திருக்கிறோம்.

கடை மூடிற்று. 1835 ஜனவரியில் பெர்ரி இறந்துபோனார். இரண்டு பேர் கடனும் லிங்கன் தலையில் விழுந்தது. தொகை சுமார் 1,100 டாலர். அப்போது அவர் போஸ்ட் மாஸ்டர் வேலையும் நில அளவை வேலையும் பார்த்து வயிறு கழுவிக்கொண்டிருந்தார். கடன்காரர் ஒருவர் கோர்ட்டுக்குப் போக, குதிரை, சேணம், அளவைக் கருவிகள் எல்லாம் ஜப்தியாகி ஏலத்துக்கு வந்தன. ஜேம்ஸ் ஷார்ட் என்ற நண்பர் அவற்றை ஏலத்தில் எடுத்து லிங்கனிடமே திருப்பிக் கொடுத்தார். தொழில் செய்யும் கருவி போய்விட்டால் கடனை எப்படி அடைப்பது?

அந்தக் கடனை லிங்கன் வேடிக்கையாக 'தேசியக் கடன்' என்பாராம். ஊரை விட்டு ஓடவில்லை. பங்குதாரர் பங்கு எனக்கு இல்லை என்றும் சொல்லவில்லை. வக்கீலாகி, பிறகும் பல வருஷங்கள் கட்டித் தீர்த்தார்.

1861 மார்ச்சில் ஜனாதிபதியாகப் பதவியேற்றார். ஏப்ரலில் உள்நாட்டுப் போர் மூண்டது. தென் மாநிலங்களின் செல்வமெல்லாம் பஞ்சு; அந்தப் பஞ்சை விளைவித்தவர்கள் அடிமைகள். பஞ்சு வெளியே போனால்தான் தெற்கத்தியாருக்குத் துப்பாக்கி உள்ளே வரும். எனவே ஏப்ரல் 19-ந் தேதி தென் துறைமுகங்களை முற்றுகையிட உத்தரவிட்டார் லிங்கன். தெற்கத்தியாரும், பஞ்சை நிறுத்தினால் இங்கிலாந்து தங்கள் பக்கம் வந்துவிடும் என்று எண்ணித் தாங்களே முதல் வருஷச் சரக்கைப் பிடித்துவைத்தார்கள். பதுக்கினால் விலை மட்டுமல்ல, தயவும் ஏறும் என்ற கணக்கு. அது பலிக்கவில்லை.

இங்கிலாந்தின் லங்காஷயர் மில்களுக்கு முக்கால் பங்குக்கு மேல் அமெரிக்கப் பஞ்சுதான் போய்க்கொண்டிருந்தது. அது நின்றதும் லிவர்பூல் சந்தையில் விலை மூன்று மடங்குக்கு மேல் ஏறியது. உடனே எல்லோர் கண்ணும் இந்தியா மேல் திரும்பியது. கோவில்பட்டி, எட்டயபுரம், விளாத்திகுளம், ஒட்டப்பிடாரம், சாத்தூர் என்று பரந்து கிடக்கும் கரிசல் காட்டில் விளைந்த பஞ்சு அந்தச் சந்தையில் 'டின்னவெல்லி' என்று நம் ஊர்ப் பெயரிலேயே விற்ற சரக்கு. அன்று இந்த ஊர்கள் எல்லாம் திருநெல்வேலி ஜில்லாதான். ரயில் கிடையாது, தூத்துக்குடிக்கு ரயில் வந்தது 1876-இல். பாரவண்டிகளில் பொதி போய், தூத்துக்குடிக் கரையிலிருந்து தோணியில் ஏறி, ஆழக் கடலில் நின்ற கப்பலுக்குச் சேர வேண்டும். லிங்கன் என்ற பெயரையே கேள்விப்பட்டிராத கரிசல் காட்டு விவசாயி, அவர் போட்ட உத்தரவால் அதுவரை பார்த்திராத விலையைப் பார்த்தார்.

விலை ஏறும்போது எல்லோரும் கெட்டிக்காரர்கள். ஏறிய வேகத்தில் கலப்படமும் ஏறியது. பம்பாயில் பஞ்சில் மண்ணும் கொட்டையும் தண்ணீரும் கலப்பதைத் தடுக்க 1863-இல் தனிச் சட்டமே போட வேண்டியிருந்தது. பஞ்சுப் பணம் அங்கே பங்கு வியாபாரத்தில் பாய்ந்து, கடலைத் தூர்க்கும் கம்பெனிப் பங்குகள் கூட யானை விலை விற்றன.

1865 ஏப்ரலில் போர் முடிந்தது. அதே மாதம் 15-ந் தேதி லிங்கன் சுடப்பட்ட காயத்தால் இறந்தார். விலை இறங்கிவிட்டது. சூயஸ் கால்வாய் திறந்தது 1869-இல்தான். அதற்கு முன் நம் பஞ்சு ஆப்பிரிக்காவைச் சுற்றி மாதக்கணக்கில் போக வேண்டும். ஏறிய விலைக்கு வாங்கி ஏற்றிய சரக்கு நடுக்கடலில் இருக்கும்போதே லிவர்பூலில் விலை செத்துவிட்டால், முன்பணம் கொடுத்தவர் கதி என்ன? பம்பாயில் பெரிய பெரிய வியாபாரிகள் சாய்ந்தார்கள். பாங்க் ஆஃப் பாம்பேயே பிறகு மூடப்பட்டது. நம் பஞ்சு இழை குட்டை. நீண்ட இழை அமெரிக்கப் பஞ்சு திரும்பி வந்ததும் லங்காஷயர் மில்காரர்கள் பழைய சரக்குக்கே போய்விட்டார்கள். அவசரத்துக்கு வந்த வாடிக்கையை நிரந்தர வாடிக்கை என்று நினைத்தவர்களுக்கு விழுந்த அடி அது. நம் பஞ்சுக்குப் பக்கத்திலேயே வேலை கொடுக்கும் மில், பாபநாசத்தில் தாமிரபரணித் தண்ணீர் விசையில் ஹார்வி சகோதரர்கள் ஏற்படுத்தியது, 1885-இல்தான் வந்தது.

இனி ட்ரூமன். முதல் உலகப் போரில் பட்டாளத்தில் இருந்து திரும்பியவர், 1919 நவம்பரில் பட்டாளத்து நண்பர் எட்டி ஜேக்கப்ஸனோடு சேர்ந்து கான்சாஸ் நகரில் ஆண்கள் துணிக்கடை திறந்தார். சட்டை, டை, தொப்பி. முதல் வருஷம் ஓஹோ என்று நடந்தது. 1920-21-இல் விளைபொருள் விலை சரிந்தது. விவசாயி கையில் பணமில்லை. கடையில் உயர்ந்த விலைக்கு வாங்கிய சரக்கு தேங்கியது. 1922-இல் பூட்டினார்கள். ஜேக்கப்ஸன் 1925-இல் மஞ்சள் கடுதாசி கொடுத்துவிட்டார். ட்ரூமன் கொடுக்க மறுத்தார். சுமார் 15 வருஷம், செனட்டராகி வாஷிங்டன் போன பிறகும், கடை பாக்கியைக் கட்டிக்கொண்டிருந்தார்.

மஞ்சள் கடுதாசி கொடுப்பது சட்டம் தரும் உரிமை. கொடுத்தவரை நாம் குறை சொல்லவில்லை. ஆனால் மண்டிக்காரருக்குத் தெரியும், ராத்திரியோடு ராத்திரியாகப் பூட்டிப் போனவர் யார், கடையை மூடிய பிறகும் மாதம் ஆயிரம் ரூபாயைத் தாளில் மடித்துக்கொண்டு வருபவர் யார் என்று. பின்னவர் மறுபடி கடை திறந்தால் அவருக்குக் கேட்காமலே சரக்கு இறங்கும்.

1945-இல் ஜனாதிபதியான ட்ரூமன் நம் பக்கம் எப்படி வந்தார்? உணவுத் தட்டுப்பாட்டில் தவித்த இந்தியா 20 லட்சம் டன் தானியம் கேட்டபோது, 1951 பிப்ரவரியில் அவர் காங்கிரஸ் சபையிடம் அதற்குச் சிபாரிசு செய்தார். இனாமாகக் கொடுப்பதா, கடனாகக் கொடுப்பதா என்று அங்கே மாதக்கணக்கில் இழுபறி. கடைசியில் 19 கோடி டாலர் கடன் என்று முடிவாகி, ஜூன் 15-ந் தேதி கையெழுத்திட்டார். கோதுமையை மாவாக்குவதா, ரவையாக்குவதா என்று அரிசிச் சோற்றுக்காரர்கள் விழித்த காலம் அது. ரேஷன் கெடுபிடி நம் அரிசி வியாபாரிகளை எவ்வளவு வதைத்தது என்பது பெரியவர்கள் சொல்லக் கேட்டது. 1952 ஜூனில் ராஜாஜி கட்டுப்பாட்டை நீக்கிய பிறகுதான் மண்டிகள் மூச்சு விட்டன.

2025 ஆகஸ்டில் இந்தியச் சரக்குக்கு அமெரிக்கா 50 சதவீத வரி போட்டபோது தூத்துக்குடி இறால் ஏற்றுமதியாளர்களும் திருப்பூர் பனியன்காரர்களும் கலங்கியது நாம் கண்ணால் கண்டது.

ஜேக்கப்ஸனை மறந்துவிடக் கூடாது. பங்கு பிரிந்தால் எதிர்ப்பட்டாலும் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் வழக்கம் நம்மிடம் உண்டு. இவர்களோ கடை போன பிறகும் கடைசி வரை நண்பர்கள். 1948 மார்ச்சில் யூதத் தலைவர் வைஸ்மனைச் சந்திக்க முடியாது என்று ட்ரூமன் பிடிவாதமாக இருந்தபோது, நேரே வெள்ளை மாளிகைக்குப் போய்ப் பேசி, சந்திக்கச் சம்மதிக்கவைத்தவர் அந்தப் பழைய துணிக்கடைப் பங்குதாரர்தான்.